கஞ்சிக்கு அரை மணி நேரம்

முத்திருளன் சினிமா பார்ப்பதில்லை. சங்கத்துக்காரன் கொட்டகையில் உட்கார்ந்து விசிலடித்தால் நன்றாகவா இருக்கும் என்பார். உசிலம்பட்டிப் பக்கத்திலிருந்து பிழைக்க வந்து, செல்லூரில் கைலாசநாதன் முதலாளியின் விசைத்தறிப் பட்டறையில் பதினோரு வருஷமாகத் துண்டு நெய்துகொண்டிருந்தார். தொழிலாளர் சங்கத்தின் கிளைச் செயலாளரும் அவர்தான். அந்தக் கிளையில் மொத்தம் ஒன்பது பேர்.

இது எழுபத்து நாலாம் வருஷம் நடந்தது. முத்திருளனுக்கு அப்போது ஒரே ஒரு கோரிக்கைதான் இருந்தது. மதியம் சாப்பிடுகிற நேரத்தில் அரை மணி நேரம் தறிகளை நிறுத்த வேண்டும். பட்டறையில் இருபத்துநாலு தறிகள். காலை ஆறு மணிக்கு ஓட ஆரம்பித்தால் இருட்டும்வரை ஓடும். ஆளுக்கு இரண்டு தறி. ஒன்றில் நூல் அறுந்தால் முடிச்சுப் போட வேண்டும், இன்னொன்றில் குறுக்கே ஓடும் நாடாவுக்குள் நூல் சுற்றிய தார் தீர்ந்தால் மாற்ற வேண்டும். இதற்கு நடுவே நின்றுகொண்டே தூக்குச்சட்டியிலிருந்து இரண்டு வாய் அள்ளிப் போட்டுக்கொள்வார்கள். காற்றில் பறக்கும் பஞ்சுத்தூசி கஞ்சியில் ஆடை மாதிரிப் படிந்திருக்கும்.

வாரம் இரண்டு நாள் சாயங்காலம் டீக்கடை முக்கில் முத்திருளன் பேசுவார். மூன்று வருஷமாக அவர் பேச்சு ஒரே இடத்தில்தான் போய் முடியும்.

"தோழர்களே! மெஷினுக்கு எண்ணெய் ஊத்த தறிய நிப்பாட்டுறாங்க. மனுசனுக்குக் கஞ்சி ஊத்த நிப்பாட்ட மாட்டாங்களாம்!"

கேட்பவர்கள் பத்துப் பேர் இருப்பார்கள். டீக்கடைக்காரர் கிளாஸ் கழுவுகிற சத்தம் தவிர வேறு சத்தம் வராது. கோரிக்கையைக் கேட்டு முதலாளி கைலாசநாதன் ஒரு தடவை சிரித்தார். "தறி நின்னா எம்புட்டுத் துணி போகும்னு தெரியுமாப்பா ஒனக்கு?" என்று கேட்டுவிட்டு உள்ளே போய்விட்டார்.

கைலாசநாதன் கெட்ட மனிதரில்லை. தொழிலாளி வீட்டுக் கல்யாணத்துக்கு முதல் ஆளாக வந்து நிற்பார். அவருக்கு ஒரு நடிகர் மேல் அப்படி ஒரு பிரியம். ரசிகர் மன்றங்களெல்லாம் கட்சிக் கிளைகளாக மாறிக்கொண்டிருந்த காலம் அது. அந்த வட்டாரத்து மன்றத்துக்கு அவர்தான் தலைவர். ஆபீஸ் அறையில் சாமி படத்துக்குப் பக்கத்திலேயே நடிகர் படமும் மாலையோடு தொங்கியது. அந்த வருஷம் புதுப்படம் வந்தபோது, ஒரு ஞாயிற்றுக்கிழமை மேட்னி ஆட்டத்துக்குப் பட்டறை ஆட்கள் எல்லோருக்கும் குடும்பத்தோடு டிக்கெட் எடுத்துக் கொடுத்தார்.

"நான் வரல" என்றார் முத்திருளன்.

அவர் மனைவி ஜெயக்கொடி அதே பட்டறையில் நூல்தார் சுற்றுகிறவள். தலையில் பூ வைத்துக்கொண்டே சொன்னாள்: "ஏங்க, படத்துல அவரு மில்லுத் தொழிலாளியாம். ஒங்க ஆளுதான். வந்து பாருங்க."

"பட்டுச்சட்டை போட்ட தொழிலாளியாக்கும்."

"பட்டுச்சட்டை போட்டா ஒங்களுக்கு என்ன எரியுது? வாங்க, போவோம்."

கல்பாலத்தில் வைகையைத் தாண்டி, சிம்மக்கல் பக்கமிருந்த அந்தத் தியேட்டருக்கு எல்லோரும் கூட்டமாக நடந்தார்கள். பின்வரிசை நாற்காலியில் முதலாளி குடும்பத்தோடு உட்கார்ந்திருந்தார். பட்டறை ஆட்களுக்கு பெஞ்சு. முத்திருளன் நினைத்தபடியேதான் படமும் இருந்தது. கதாநாயகன் கலையாத தலையோடு மில்லில் வேலை பார்த்தான். சாயங்காலமானால் முதலாளி மகளோடு தோட்டத்தில் பாடினான். முத்திருளன் இரண்டு தடவை கொட்டாவி விட்டார்.

இடைவேளை முடிந்து கொஞ்ச நேரத்தில் ஒரு காட்சி. மில்லுக்குள் சாப்பிட உட்கார்ந்த கிழவர் ஒருவரின் தட்டை முதலாளியின் ஆள் எட்டி உதைக்கிறான். சிந்திய சோற்றைக் குனிந்து ஒவ்வொரு பருக்கையாக எடுக்கிறான் கதாநாயகன். நிமிர்ந்து, முதலாளியை நேராகப் பார்த்துக் கேட்கிறான்.

"மெஷினுக்கு எண்ணெய் ஊற்ற நிறுத்துகிறீர்கள். மனிதனுக்குக் கஞ்சி ஊற்ற நிறுத்த மாட்டீர்களா?"

தியேட்டர் எழுந்து நின்றது. விசில் சத்தத்தில் அடுத்த வசனம் யாருக்கும் கேட்கவில்லை. பெண்கள் பக்கத்திலிருந்து ஒருத்தி, "கேளு ராசா, நல்லாக் கேளு!" என்று கத்தினாள். முத்திருளன் மட்டும் உட்கார்ந்தே இருந்தார். திரும்பிப் பார்த்தார். பின்வரிசையில் கைலாசநாதன் முதலாளி எழுந்து நின்று, கண்ணைத் துடைத்துக்கொண்டே கை தட்டிக்கொண்டிருந்தார்.

செவ்வாய்க்கிழமை டீக்கடை முக்கில் முத்திருளன் பேச எழுந்தபோது எண்பது பேர் நின்றார்கள். தெம்பாக ஆரம்பித்து, வழக்கம்போல அந்த இடத்துக்கு வந்தார். "மெஷினுக்கு எண்ணெய் ஊத்த..." என்று தொடங்கியதுமே கூட்டம் ஒரே குரலில் மிச்சத்தைச் சொல்லி முடித்து விசிலடித்தது.

அடுத்த தறிக்காரன் மருது ஓடிவந்து கையைப் பிடித்துக்கொண்டான். சட்டைப் பையில் நடிகர் படம் போட்ட பேட்ஜ். "அண்ணே! நீயும் நம்ம பக்கம் வந்துட்டியா? தலைவர் வசனத்த அச்சு அசலாச் சொல்றியே!"

"டேய், நான் மூணு வருஷமா இதத்தான்டா சொல்லிக்கிட்டு இருக்கேன். நீ அந்தப் பெஞ்சுலதான உக்காந்து டீ குடிச்ச?"

"அப்படியா? எனக்குக் காதுல விழலையேண்ணே" என்றான் மருது. அவன் பொய் சொல்லவில்லை.

வீட்டுக்கு வந்தும் முத்திருளனுக்கு ஆறவில்லை. "எவனோ பட்டணத்துல ரூம் போட்டு எழுதுறான், அதுக்குக் கைதட்டு. நான் வெயில்லயும் தூசியிலயும் நின்னு சொன்னேன், ஒருத்தனும் கேக்கல. என் வாயிலருந்து வந்த வார்த்தை அது."

ஜெயக்கொடி வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். "ஒங்க வாயிலருந்தா?" என்றாள்.

"பின்னே?"

"அதச் சொன்னது நான். ஒங்களுக்கு ஒரு நா கஞ்சி தொண்டையில அடச்சு, கண்ணு முழி பிதுங்கி நின்னீங்களே, அன்னைக்கு. எண்ணெ ஊத்த மட்டும் நிப்பாட்டுறானே பாவின்னு அழுதேன். மறுவாரம் நீங்க முன்னாடி 'தோழர்களே' சேத்துச் சொன்னீங்க."

முத்திருளன் சுவரில் சாய்ந்து உட்கார்ந்தார். நினைத்துப் பார்க்கப் பார்க்க அவள் சொன்னதெல்லாம் சரியாக இருந்தது. அன்று தன் முதுகில் அவள் தட்டிய இடம்கூட நினைவுக்கு வந்தது.

"அப்பவே சொல்லிருக்கலாம்ல?"

"சொல்லி? யாரு சொன்னா என்ன, தறி நின்னுச்சா?"

மறுநாள் மதியம் மணி ஒன்று. பட்டறை இரைந்துகொண்டிருந்தது. முத்திருளன் ஒரு தறியில் அறுந்த நூலைக் குனிந்து முடிந்துகொண்டிருந்தார். ஜெயக்கொடி எழுந்தாள். சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு சுவரோரம் போய் மெயின் சுவிட்சைக் கீழே இழுத்தாள்.

இருபத்துநாலு தறியும் ஒவ்வொன்றாகத் தடதடத்து நின்றன. பதினோரு வருஷத்தில் கரண்டு இருக்கும்போதே பகல் வேளையில் அந்தப் பட்டறைக்குள் மனிதர் மூச்சுவிடுகிற சத்தம் கேட்டது அன்றுதான். வெளியே தெருவில் ஐஸ்காரர் மணி அடித்துக்கொண்டு போனார்.

"கரண்டு போயிருச்சா?" என்று கேட்டுக்கொண்டே கைலாசநாதன் ஓடிவந்தார். சுவிட்சுக்கு அடியில் நின்ற ஜெயக்கொடியைப் பார்த்ததும் முகம் மாறியது. "யாரக் கேட்டு நிப்பாட்டுன? போடு சுவிட்ச!"

"அரை மணி நேரங்க. சாப்பிட்டதும் நானே போடுறேன்" என்றாள்.

முத்திருளன் பேச வாயெடுத்தார். அதற்குள் மருது முன்னால் வந்துவிட்டான். கையில் திறந்த தூக்குச்சட்டி. "மொதலாளி, ஞாயித்துக்கிழமை நீங்களும் எந்திரிச்சு நின்னு கை தட்டுனீங்கள்ல? நான் பாத்தேன்."

"அது படம்டா."

"தலைவர் சொன்னது படத்துக்கு மட்டுந்தானா மொதலாளி? நாளைக்கு மன்றத்துல அப்படியே சொல்லிறவா?"

கைலாசநாதன் சுற்றிலும் பார்த்தார். ஒருவரும் கோபமாக இல்லை. சட்டியை வைத்துக்கொண்டு அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர் நூல் மூட்டை மேல் மெதுவாக உட்கார்ந்தார்.

"கோயில்ல சாமி பாக்குற மாதிரிதான்டா அந்தப் படத்தப் பாத்தேன்" என்றார். "அந்த மில்லு மொதலாளிய நானும் மனசுக்குள்ள திட்டுனேன். எனக்கு ஒறைக்கவே இல்ல." பிறகு கையை வீசி, "சாப்பிடுங்க. ஒண்ணரைக்குத் தறி ஓடணும்" என்று எழுந்து போனார்.

அன்று எல்லோரும் தரையில் உட்கார்ந்து சாப்பிட்டார்கள். மருதுவின் சட்டியிலிருந்த கருவாட்டுக் குழம்பு ஏழெட்டுப் பேருக்குப் போனது.

ஒரு வாரத்தில் பட்டறை வாசலில் ஒரு பலகை வந்தது. நடிகரின் படம், அதன் கீழே 'தலைவர் காட்டிய வழியில் மதிய உணவு நேரம்: 1 முதல் 1.30 வரை'. அதைப் பார்த்ததும் முத்திருளனுக்குப் பிடுங்கி எறியலாம் போலிருந்தது. சங்கத்தின் பெயர் எங்கேயும் இல்லை. சாயங்காலம் மருதுவும் இன்னும் பதினாறு பேரும் சங்கத்தில் சேர வந்தார்கள். எல்லார் சட்டையிலும் அதே பேட்ஜ்.

"இதக் கழட்டிட்டுத்தான் சேரணுமாண்ணே?" என்று மருது தயங்கிக் கேட்டான்.

முத்திருளன் யோசித்தார். "இருக்கட்டும்டா. கூட்டத்துக்கு மட்டும் ஒழுங்கா வா" என்று பெயரை எழுதிக்கொண்டார்.

பொங்கலுக்குள் செல்லூரில் ஏழு பட்டறைகளில் மதியம் தறி நின்றது. ஏழு வாசலிலும் பலகை. அதில் இரண்டு பலகையில் போட்டி நடிகரின் படம். அந்த முதலாளிகள் எதிர்மன்றத்துக்காரர்கள், பின்வாங்கினால் மானம் போய்விடும் என்று அவர்களும் அரை மணி நேரம் கொடுத்துவிட்டார்கள். முத்திருளனுக்கு இதில் சிரிப்பு வர ஆரம்பித்திருந்தது. அடுத்த படம் வந்தபோது அவரே முதல் வாரம் போய்ப் பார்த்தார். நோட்டுப் புத்தகமும் கொண்டுபோயிருந்தார். அதில் கதாநாயகன் ஜமீன்தார், குதிரையில் போனான். எழுதிக்கொள்ள ஒரு வரி தேறவில்லை.

சித்திரையில் சங்கத்தின் கிளைக்கூட்டம் நடந்தது. இருநூறு பேர் வந்திருந்தார்கள், பாதிப் பேர் பெண்கள். முத்திருளன் பேசி முடித்ததும் பெண்கள் பக்கமிருந்து ஜெயக்கொடியைப் பேசச் சொல்லிச் சத்தம் போட்டார்கள். அவள் முடியாது என்று கையை ஆட்டினாள். இரண்டு பேர் சேர்ந்து மேடையில் ஏற்றிவிட்டார்கள். மைக்கைப் பாத்திரத்தைப் பிடிக்கிற மாதிரி இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

"எனக்குப் பேசத் தெரியாது" என்றாள். கூட்டம் காத்திருந்தது. "பட்டறையில பொம்பளைகளுக்குக் கக்கூசு இல்ல. விடியக்காலம் வந்தா இருட்டுனப்புறந்தான் வீடு. தண்ணி குடிக்கவே பயந்துக்கிட்டு வேலை பாக்குறோம். இத எந்த நடிகரும் படத்துல சொல்ல மாட்டாரு. அதனால நான் சொல்றேன்."

முத்திருளன் கீழே இறங்கி மருதுவின் பக்கத்தில் போய் உட்கார்ந்தார். முதலில் பெண்கள் கை தட்டினார்கள், பிறகு மருது இரண்டு விரலை வாயில் வைத்து விசிலடித்தான். முத்திருளனுக்கு விசிலடிக்கத் தெரியாது. உள்ளங்கை சிவக்கக் கை தட்டினார்.

ஆடி மாதம் பட்டறைக்குப் பின்னால் பெண்களுக்குத் தகரம் வைத்து ஒரு கக்கூஸ் கட்டிக் கொடுத்தார் கைலாசநாதன். கதவுக்குத் தாழ்ப்பாள் மட்டும் வைக்கவில்லை. மறுநாள் காலை ஜெயக்கொடி ஆபீஸ் அறைக்குப் போய், அதற்கும் ஆள் அனுப்பச் சொல்லிவிட்டு வந்து தார் சுற்ற உட்கார்ந்தாள்.