அவ சொன்னாளா, நீ சொன்னியா

தலைமை ஆசிரியை கேள்வியைத் தங்கையிடம் கேட்டுவிட்டு, பதிலுக்கு என்னைப் பார்த்தார்.

“ஒரு கூடையில பன்னெண்டு முட்டை. மூணு உடைஞ்சுபோச்சு. மிச்சம் எத்தனை?”

தங்கைக்கு வீட்டில் பெயர் வாயாடி. வைத்தவள் நான். பெருமூளை வாதம் அவளுக்கு. கையும் கழுத்தும் நாக்கும் சொன்ன பேச்சைக் கேட்காது. மூளை கேட்கும், எங்கள் எல்லோரையும்விட வேகமாக. சக்கர நாற்காலியில் ஒரு பக்கம் சரிந்து, தாடையை இழுத்து இழுத்து அவள் பேசுவது மற்றவர்களுக்கு வெறும் முனகல். அம்மாவுக்கே பாதிதான் விளங்கும்.

“ஒம்பதாம். யார் உடைச்சதுன்னு கேக்குறா,” என்றேன்.

ஆசிரியை சிரித்துவிட்டார். “கெட்டிக்காரிதான். மூணாம் வகுப்புல சேத்துக்கறேன். ஆனா இவ பேச்சு புரியற ஆள் ஒருத்தர் தினமும் வகுப்புல கூடவே உக்காரணும்.”

“அதான் இவ இருக்காளே மேடம்,” என்று அம்மா உடனே முந்திக்கொண்டாள்.

இவ என்றால் நான். எங்கள் பரம்பரையில் பட்டம் வாங்கிய முதல் ஆள். திங்கட்கிழமை இரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலைக்குச் சேர வேண்டியவள். அதைச் சொன்னபோது துணி தேய்த்துக்கொண்டிருந்த அம்மா நிமிராமல் “பாப்போம்” என்றாள். எங்கள் வீட்டில் ‘பாப்போம்’ என்றால் ‘கிடையாது’ என்று அர்த்தம். இப்போது நான் மாட்டேன் என்றால் வாயாடி வீட்டு ஜன்னலோரமே கிடப்பாள். சரி என்றால் பட்டதாரி மறுபடி மூன்றாம் வகுப்பு. எந்தப் பக்கம் திரும்பினாலும் சுவர்.

“என்னம்மா, அக்கா பக்கத்துலயே இருந்தா சந்தோஷந்தானே?” என்று ஆசிரியை வாயாடியிடம் கேட்டார்.

வாயாடியின் கால் விறைத்தது. வலது கை தானாக மேலே போனது. நிதானமாகச் சொன்னாள்.

“என்ன சொல்றா?”

“அக்கா வேணாமாம். நீங்க அவ பேச்சக் கத்துக்கணுமாம்.”

அம்மா என் தொடையில் கிள்ளினாள். “உன் வசதிக்குப் பேசாதடி!”

“சத்தியமா அவதாம்மா சொன்னா.”

ஆசிரியை கண்ணாடியைக் கழற்றினார். “அவ சொன்னாளா, நீ சொன்னியா?”

ஒன்பது என்றபோது ஒருத்தரும் சந்தேகப்படவில்லை. எனக்கு லாபமான ஒரே ஒரு வாக்கியம், அது மட்டும் பொய்யாகிவிட்டது. வாயாடி மறுபடி சொன்னாள், சத்தமாக. இருவரும் என்னையே பார்த்தார்கள்.

“அவகிட்டயே கேளுங்க,” என்று முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

வாயாடி மூன்றாவது முறை ஆரம்பித்தாள். கழுத்து நரம்பு புடைத்தது. எச்சில் ஒழுகி மேசைக் கண்ணாடியில் சொட்டியது. ஆசிரியை முன்னால் குனிந்தார், துடைப்பதற்கா கேட்பதற்கா என்று தெரியவில்லை.