மூட்டைக்கும் அதே பேர்

இப்போதெல்லாம் குழந்தை பிறந்தால் யாரும் முகத்தைப் பார்ப்பதில்லை, பேர் தேடிப் போனைப் பார்க்கிறார்கள். எங்கள் மாடியில் குடியிருக்கிறவன் மகளுக்கு ஒரு பேர் வைத்திருக்கிறான். வாயில் நுழையவில்லை, இருமல் மருந்துக்கு வைத்த பேர் மாதிரி இருக்கிறது. அர்த்தம் கேட்டால் ‘விடியலின் முதல் துளி’ என்கிறான். அந்தத் துளி ராத்திரி முழுக்க அலறித் தீர்க்கிறது. குழந்தையோடு நின்றால் தொலையட்டும் என்று விடலாம். இவர்கள் செத்தவனையும் விடுவதில்லை. தாத்தா பேர், அவருக்குத் தாத்தா பேர் என்று தோண்டிக்கொண்டே போய், கடைசியில் எல்லாரும் ராஜா வீட்டுப் பிள்ளைகளாக வெளியே வருகிறார்கள். அப்படியானால் அந்தக் காலத்தில் மூட்டை தூக்கினவன் எல்லாம் பிள்ளை பெறாமலே செத்தானா?

என் மகள் மருந்துக்கடையில் வேலை பார்க்கிறவள். போன ஞாயிற்றுக்கிழமை என்னை ஒரு கூட்டத்துக்கு இழுத்துக்கொண்டு போனாள். எங்கள் குடும்பப் பேர் உள்ளவர்கள் எல்லாரும் ஒரே வம்சம் என்று யாரோ கண்டுபிடித்து, மண்டபம் பிடித்து, மைக் கட்டியிருந்தார்கள். அந்தப் பேரை நான் இங்கே எழுதப்போவதில்லை. தம்பட்டம் அடிக்க அவர்களே போதும்.

வாசலில் ஒரு பெண் என் கழுத்தில் அட்டை மாட்டிவிட்டாள். எல்லார் அட்டையிலும் அதே பேர். மைக்கில் ஒருவன் அந்தப் பேரைச் சொல்லி, “மேடைக்கு வாங்க” என்றான். மண்டபமே எழுந்தது.

பேர் ஆராய்ச்சி செய்கிறவராம், கண்ணாடி போட்ட ஒருவர் பேசினார். எங்கள் பேருக்கு ‘சிங்கத் தோள் கொண்டவன்’ என்று அர்த்தமாம். கைதட்டல் காதைப் பிளந்தது. பக்கத்தில் உட்கார்ந்திருந்த மொட்டை நெஞ்சை நிமிர்த்திக்கொண்டான். அவனும் நானும் ஒரே மாவு மில்லில் மூட்டை தூக்கினவர்கள். எங்கள் அப்பாக்களும் அங்கேதான்.

“டேய் மொட்டை, தோளைத் தொட்டுப் பாரு. சிங்கம் இருக்கா, தழும்பு இருக்கா?”

“உன் வாயில நல்ல வார்த்தையே வராதாடா?” என்றான்.

எப்படி வரும்? அந்தச் சிங்கப் பேர் எங்கள் மில் முதலாளியின் பேர். சாக்கு மேல் நீல மையில் அதைத்தான் அச்சு குத்துவார்கள். மில்லில் வேலை செய்தவர்களுக்கும் அதே பேர்தான் குடும்பப் பேர். மூட்டையும் அவர் சொத்து, தூக்குகிறவனும் அவர் சொத்து. எனக்கு விவரம் தெரிந்த நாளிலிருந்து இதை நான் இப்படித்தான் புரிந்துவைத்திருக்கிறேன்.

என் அப்பா எங்கிருந்தோ கோதுமை வண்டியில் ஏறி வந்த பிள்ளை. அவருக்கு வேலை, நிரம்பிய சாக்கின் வாயைக் கட்டுவது. அவர் போட்ட முடிச்சு எத்தனை முறை தூக்கிப் போட்டாலும் அவிழாது. ஒரு நுனியைப் பிடித்து இழுத்தால் ஒரே இழுப்பில் வந்துவிடும். அதனால் மில்லில் அவருக்கு ‘முடிச்சு’ என்று பேர். அவர் சம்பாதித்த பேர் அது ஒன்றுதான்.

மேடைச் சுவரில் பெரிய பலகை. அதில் ஒரு மரம் வரைந்து, வேரில் முதலாளி பேரை எழுதியிருந்தார்கள். ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஓர் இலை. போர்டு எழுதுகிறவர் ஸ்டூலில் ஏறி நின்று, வந்தவர்களிடம் மூத்தவர் பேரைக் கேட்டு எழுதிக்கொண்டிருந்தார். பிறகு அப்படியே கல்லில் வெட்டி மில் வாசலில் வைப்பார்களாம். அப்பாவுக்குக் கல்லறைகூடக் கிடையாது. அவர் பேர் எங்காவது இருக்கப்போகிறது என்றால் அது இந்தக் கல்லில்தான். அதனால்தான் நானும் மகள் இழுத்த இழுப்புக்கு வந்தேன்.

“பெரியவரே, அப்பா பேரு?”

“முடிச்சு.”

தூரிகை நின்றது. “அது பேரா?”

“எங்கப்பன் பேரு. எழுது.”

கூட்டம் நடத்திய சங்கத்தின் தலைவன் ஓடி வந்தான். முதலாளியின் பேரன், சட்டையில் ஒரு கசங்கல் கிடையாது. “ஐயா, பட்டப்பேரெல்லாம் போடமுடியாதுங்க. இது குடும்ப மரம்.”

“குடும்பமா? உங்க தாத்தா எங்கப்பனுக்கு என்ன முறை, தம்பி? அண்ணனா, மாமனா?”

“அது வந்து...”

“நீ எனக்கு மகன் முறைன்னா, பெரியப்பா நின்னுட்டிருக்கேன், முதல்ல ஒரு நாற்காலி போடு. சொந்தம்னு எல்லாரையும் கூப்பிட்டியே, மூட்டையை ஏன் விட்டுட்ட? அதுக்கும் இதே பேருதானே?”

மண்டபத்தில் சிலர் சிரித்தார்கள். “அப்பா, மானத்தை வாங்காதீங்கப்பா” என்று மகள் என் சட்டையைப் பிடித்து இழுத்தாள்.

அப்போதுதான் முன்வரிசையில் சக்கர நாற்காலியிலிருந்து குரல் வந்தது. மில்லில் கிழிந்த சாக்குத் தைத்த அக்கா. மூன்று தலைமுறைக்கும் அவள் அக்காதான். எங்களில் அவள் ஒருத்திதான் அப்பா காலத்து ஆள்.

“ஏன்டா தொண்டை கிழியக் கத்துற? உங்கப்பன் மேல யாரும் அச்சு குத்தல. அவனே போய்க் கேட்டு வாங்கின பேருடா அது.”

“பொய்!”

“என் கண்ணால பார்த்தேன். துவைச்ச சட்டையைப் போட்டுக்கிட்டு, கையில ஒட்டின மாவைத் தேய்ச்சுக் கழுவிக்கிட்டு ஆபீஸ் ரூமுக்குப் போனான். குடும்பப் பேர் இல்லாத பிள்ளையைப் பள்ளிக்கூடத்துல சேர்க்கமாட்டேன்னுட்டாங்க, உங்க பேரை என் பையனுக்குக் குடுங்கன்னான். முதலாளி சிரிச்சாரு. எடுத்துக்கோடா, குடுத்தா குறைஞ்சா போயிடும்னாரு. வெளியே வந்து உங்கப்பன் எல்லார்கிட்டயும் சொன்னான். அப்புறம்தான் இந்த மொட்டையோட அப்பன்லேருந்து ஒவ்வொருத்தனும் போய் வாங்கினான்.”

“தலையைத் தொங்கப் போட்டுட்டுத்தானே வந்தாரு?”

“சிரிச்சுக்கிட்டு வந்தான்டா.”

மொட்டை தன் அட்டையையே பார்த்துக்கொண்டிருந்தான். அந்தப் பள்ளிக்கூடத்தில் நான் மூணாவதைத் தாண்டவில்லை. அதற்கா இது?

தலைவன் முகத்தில் பல்பு எரிந்தது. “அடடா! அப்போ நம்ம எல்லாருக்கும் இந்தப் பேர் வரக் காரணமே உங்க அப்பாதானா? இலை எதுக்குங்க ஐயா? வேர்லயே போட்டுடுவோம், தாத்தா பேருக்குப் பக்கத்துல. முடிச்சுன்னே போடுவோம்!”

எனக்குக் கோபம் உச்சிக்கு ஏறிவிட்டது. ஒரு நிமிஷத்துக்கு முன்னால் அது பேரே இல்லை. இப்போது, தன் தாத்தாவின் தாராளத்துக்குச் சாட்சி கிடைத்ததும், வேரில் இடம்! பிச்சை போட்டவன் பக்கத்தில் பிச்சை வாங்கினவனை நிறுத்திக் கல்லில் வெட்டுவானாம்.

“இலையிலயும் வேண்டாம், வேர்லயும் வேண்டாம். அந்த இலை வெறுமையா இருக்கட்டும். கல்லுலயும் அப்படியே வெட்டு. யாராவது கேட்டா, இந்த வீட்டுக்காரன் பேர் தரலைன்னு சொல்லு.”

“அப்பா, தாத்தாவைப் பத்தி நல்லதுதானே சொன்னாங்க!” என்றாள் மகள். கண் கலங்கியிருந்தது.

“நல்லது உனக்கு. நீ போட்டோவுல நில்லு.”

மைக்கில் அந்தப் பேரைச் சொல்லிப் போட்டோவுக்குக் கூப்பிட்டார்கள். எல்லாரும் மேடைப் பக்கம் போனார்கள். நான் வாசல் பக்கம் போனேன். கழுத்திலிருந்து அட்டையைக் கழற்றி, படிக்கட்டுக் கம்பியில் அப்பாவின் முடிச்சைப் போட்டுக் கட்டினேன். வேண்டுகிறவன் இழுத்துக்கொள்ளட்டும்.

தெருவில் வெயில் கொளுத்தியது. அக்காவுக்கு வயதாகிவிட்டது, யாரையோ நினைத்துக்கொண்டு யாரையோ சொல்கிறாள். அப்பா வாய்விட்டுச் சிரித்து நான் பார்த்ததே இல்லை. கையைக் கழுவிக்கொண்டு போனார் என்பதை வேண்டுமானால் ஒத்துக்கொள்வேன், அவர் அப்படிப்பட்டவர்தான். சிரித்துக்கொண்டு வந்தாராம்! யாரிடம் கதை விடுகிறார்கள்? பஸ்ஸுக்கு நிற்கப் பொறுமையில்லாமல் நடந்தே வீட்டுக்குப் போனேன்.