டோரிஸ் தைத்த வேஸ்ட்கோட்

பிரிக்பீல்ட்ஸில் என் மனைவி டோரிஸின் தையல் கடை கீழே, ஸ்னூக்கர் கிளப் மாடியில். மேலே ஒரு பந்து தரையில் விழுந்தால் கீழே அவள் தையல் கோணிப்போகும். உடனே துணி அளக்கும் மீட்டர் கட்டையால் கூரையை இடிப்பாள். ரயில்வேயில் வேலை முடிந்ததும் நான் நேராக மாடிக்குத்தான் போவேன் என்பதால், அந்த இடியில் பாதி எனக்கு.

அங்கேதான் கிம் சூன் ஆடுவான். கிள்ளான்காரன். சிவப்பு ஒன்று, கலர் ஒன்று என்று மாற்றி மாற்றிப் பந்துகளைக் குழியில் தள்ள ஆரம்பித்தானென்றால், எதிராளி நாற்காலியில் உட்கார்ந்து தண்ணீர் குடிக்க வேண்டியதுதான். நாங்கள் எல்லாரும் அவன் பைத்தியம். மசியாதவர் ஒரே ஒருவர், அவனுடைய அப்பா மிஸ்டர் இயோ. கிள்ளானில் இரும்புச் சாமான் கடை வைத்திருந்தார். பெட்டாலிங் ஜெயாவில் நடக்கும் ஸ்னூக்கர் போட்டியில் ஜெயிப்பவரை ஒரு கம்பெனி ஓராண்டு இங்கிலாந்துக்கு அனுப்பித் தொழில்முறை ஆட்டக்காரராக ஆடவைக்கும் என்று அறிவிப்பு வந்திருந்தது. ஜெயித்தால் மகன் போகலாம், தோற்றால் திங்கட்கிழமையே கடையில் உட்கார்ந்து ஆணி எடை போட வேண்டும். அப்பாவுக்கும் மகனுக்கும் அதுதான் பேச்சு.

பையன் மளமளவென்று இறுதி ஆட்டத்துக்கு வந்துவிட்டான். வேஸ்ட்கோட் என்கிற கையில்லாக் கோட்டு போடாமல் மேசைக்கு வரக்கூடாது என்பது போட்டியின் விதி. டோரிஸிடம் அழைத்துப் போனேன்.

"ஆன்டி, குனிஞ்சுகிட்டு அளவு குடுக்க போலேயா?" என்று கேட்டான். அவனுடைய தமிழ், தெருவில் கற்றது. நடுவில் மலாய் எட்டிப் பார்க்கும்; 'போலேயா' என்றால் 'முடியுமா'.

"குனிஞ்சு அளவு குடுக்க நீ என்ன மாடா? நிமிர்ந்து நில்லு. எத்தனை மாப்பிள்ளைங்களுக்கு தச்சவ நான்!"

"அவன் குனிஞ்சுதானே ஆடப்போறான்..." என்று இழுத்தேன்.

"நீங்க சும்மா இருங்க. ஒரு பட்டன் தைக்கத் தெரியாது, பேச வந்துட்டாரு."

வேஸ்ட்கோட் வந்தது. கன்னங்கறுப்பு, முன்பக்கம் கீழே இரண்டு நீளமான கூர் முனைகள். கிம் சூன் போட்டுக்கொண்டு நின்றபோது நேராகத் தேவாலயத்துக்குக் கூட்டிப்போய்ப் பெண் பார்க்கலாம் போலிருந்தது.

இறுதி ஆட்டத்துக்கு டோரிஸும் வந்தாள், தன் கோட்டைப் பார்க்க. மண்டபம் நிரம்பி வழிந்தது. மிஸ்டர் இயோ முதல் வரிசையில் கைகட்டி உட்கார்ந்திருந்தார். எதிராளி ஒரு சிங்கப்பூர்க்காரர், கல் மாதிரி முகம். முதலில் ஐந்து ஆட்டம் எடுப்பவருக்கு வெற்றி. நான்குக்கு மூன்று என்று கிம் சூன் முன்னால் நின்றான். இன்னும் ஒன்றே ஒன்று!

அந்த ஆட்டத்திலும் அவன் கைதான் ஓங்கியிருந்தது. நீலப் பந்தை அடிக்க மேசைமேல் எட்டிப் படுத்தான். ரோஸ் பந்து ஓரத்தில், அவன் வயிற்றுக்கு நேர் கீழே. கோட்டின் கூர் முனை தொங்கி, அந்தப் பந்தைத் தொட்டது.

"ஃபவுல்!" என்றார் நடுவர்.

"என்ன ஆச்சுங்க?" டோரிஸ் என் தோளைப் பிடித்து உலுக்கினாள்.

"உடம்போ துணியோ பந்துல படக்கூடாது. உன் கோட்டு பட்டுடுச்சு."

டோரிஸ் கைப்பையைத் திறந்து எதையோ துழாவ ஆரம்பித்தாள். சிங்கப்பூர்க்காரர் எழுந்து வந்து மிச்சப் பந்துகளை வாரிக்கொண்டார். நான்குக்கு நான்கு.

கடைசி ஆட்டத்துக்கு முன் சிறிய இடைவேளை. திரும்பிப் பார்த்தால் பக்கத்தில் டோரிஸைக் காணோம். ஓடினேன். ஆண்கள் கழிப்பறை வாசலில், வெளியே வந்த கிம் சூனைச் சுவரோடு நிறுத்தி வைத்திருந்தாள். கையில் நூல் வெட்டும் கத்தரி. அது இல்லாமல் அவள் கோயிலுக்குக்கூடப் போகமாட்டாள்.

"ஆன்டி, ஜாங்ஙான் லா! வேணாம்! நல்ல கோட்டு!"

"வாயை மூடு. வயித்தை உள்ள இழு."

கறக், கறக். இரண்டு முனைகளும் தரையில் விழுந்தன. கூர் முனை இருந்த இடத்தில் நூல் பிரிந்து தொங்கியது, எலி கடித்த மாதிரி. தன் வேலையைத் தானே வெட்டியவளின் கண் கலங்கியிருந்தது. "போ, போய் ஆடு!" என்று அவன் முதுகில் ஒன்று வைத்தாள்.

கடைசி ஆட்டத்தில் சிங்கப்பூர்க்காரர் பதினாறு புள்ளி முன்னால் போய்விட்டார். மேசையில் மிச்சம் நீலம், ரோஸ், கறுப்பு மட்டும். மூன்றும் சேர்ந்தால் பதினெட்டு. கிம் சூன் மூன்றையும் போட்டே ஆக வேண்டும். ஒன்று தவறினால் திங்கட்கிழமை ஆணிதான்.

வாய்த்த இடத்தைப் பாருங்கள்! நீலத்தை அடிக்க மறுபடியும் ரோஸ் பந்துக்கு மேலேதான் படுக்க வேண்டும். ஒரு காலை மேசைமேல் போட்டு, மறுகால் விரல் நுனி தரையில் ஊன்ற, எட்டினான். நடுவர் குனிந்து அவன் வயிற்றுக்குக் கீழேயே பார்த்தார். டோரிஸ் என் கையைப் பிடித்த பிடியில் மோதிரம் சதைக்குள் இறங்கியது.

டக். நீலம் உள்ளே. நடுவர் வாய் திறக்கவில்லை. படவில்லை!

ரோஸ் நடுக்குழியில் வழுக்கிக்கொண்டு போனது. கறுப்பு மட்டும் தூரம். அடித்தான். பந்து குழியின் வாயில் இந்தப் பக்கம் மோதி, அந்தப் பக்கம் மோதி, விழுந்தது!

நான் என்ன கத்தினேன் என்று எனக்கே தெரியாது. டோரிஸ் நாற்காலிமேல் ஏறி நின்று கத்தரியை ஆட்டிக்கொண்டிருந்தாள். கைகட்டி உட்கார்ந்திருந்த மிஸ்டர் இயோ எழுந்து நின்றார். கட்டிய கையை என்ன செய்வதென்று தெரியாமல் நின்றார்.

திங்கட்கிழமை மிஸ்டர் இயோ கிள்ளான் கடையைப் பூட்டிவிட்டு, மகனோடு எங்கள் கடைக்கு வந்தார்.

"இங்கிலாந்துல ஒரு வருஷம்," என்றார் மலாயில். "எத்தனை கோட்டு வேணும்?"

கிம் சூன் பழைய ஞாபகத்தில் விறைப்பாக நிமிர்ந்து நின்றான்.

"ஏண்டா நிக்கிற?" டோரிஸ் வெட்டுமேசையிலிருந்த துணியை எல்லாம் ஒதுக்கித் தள்ளினாள். கூரை இடிக்கும் மீட்டர் கட்டையை அவன் கையில் கொடுத்தாள். "ஏறிப் படு. அடிக்கிற மாதிரி எட்டு."

படுத்தான். ரோஸ் நூல்கண்டு ஒன்றைத் தேடி எடுத்து அவன் வயிற்றுக்குக் கீழே நிறுத்திவிட்டு, ஊசிகளை வாயில் கவ்விக்கொண்டு துணியைச் சுற்ற ஆரம்பித்தாள்.

மிஸ்டர் இயோ கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு முழங்காலைப் பிடித்துக்கொண்டு மெல்லக் குனிந்து, மகனின் வயிற்றுக்கும் நூல்கண்டுக்கும் நடுவே கண்ணை இடுக்கிப் பார்த்தார்.

"படல!" என்று எனக்குத் தெரிந்து முதன்முறையாகத் தமிழில் கத்தினார். "ஆன்டி, படல!"