இல்லாத பஜ்ஜிக் கடை

வேலை போன காலத்தில் எப்படிப் பிழைத்தீர்கள் என்று எஸ்டேட் வக்கீல் கோர்ட்டில் கேட்டார். மனைவி காப்பிப்பழம் பறித்துப் போட்ட சோறு என்று சொல்ல ஜீப் டிரைவர் தேவசிகாமணிக்கு நாக்கு கூசியது.

"நாகலூர்ல பஜ்ஜிக் கடைங்க. சம்பளத்தவிட நொம்ப நல்ல வரும்படி!" என்று அளந்துவிட்டார். கோர்ட்டே சிரித்தது.

எஸ்டேட்டில் கணக்கெழுதும் ரைட்டரை அடித்தார் என்று வேலையைவிட்டு நீக்கிய குற்றச்சாட்டு பொய்யென்று தீர்ப்பாகி, வேலை திரும்பக் கிடைத்தது. இடைப்பட்ட வருஷங்களின் சம்பளம் வரவில்லை. மகள் ஸ்டெஃபியின் நர்சிங் படிப்பு அதை நம்பித்தான் இருந்தது. மேனேஜர் ஆபீஸைக் கைகாட்டினார். ஆபீஸ் சேலம் கோர்ட்டைக் கைகாட்டியது.

கடைசியில் தன் வக்கீல் கலாவிடமே போய் நின்றார்.

"ஏனுங்கம்மா, எம்மேல தப்பில்லீன்னுதானுங்களே தீர்ப்பு? அப்புறம் சம்பளம்?"

"வேற வருமானம் இருந்தவருக்குப் பழைய சம்பளம் கெடையாதுன்னு எழுதிட்டாங்கண்ணா. ஊருல ஒருத்தரும் பாக்காத உங்க பஜ்ஜிக் கடைய நீதிபதி நம்பிட்டாருங்க."