ஜெஸ்வின் எடைக்கு மல்லாட்டை

பிறந்தபோது ஜெஸ்வினின் எடை ஒரு கிலோ அறுநூறு கிராம். திண்டிவனத்தில் அவன் தெருக்காரர்கள் எல்லோருக்கும் இது மனப்பாடம். யார் வீட்டுப் பீரோவை அவன் மாடிக்குத் தூக்கிப்போனாலும் அவன் அம்மா அமல்ராணி கீழே நின்று அண்ணாந்து பார்ப்பாள். பிறகு பக்கத்தில் இருப்பவரிடம், "ஒரு கிலோ அறநூறுதான் இருந்தான்" என்பாள். அவளுக்கு அங்கன்வாடியில் வேலை. இருபத்தேழு வருடமாகக் குழந்தைகளை எடை போட்டுப் பதிவேட்டில் எழுதுகிறாள். உலகத்தில் உள்ள மனிதர்களை எடை ஏறியவர்கள், இறங்கியவர்கள் என்று இரண்டாகப் பிரித்து வைத்திருந்தாள்.

ஆஸ்பத்திரிக் கண்ணாடிப் பெட்டிக்குள் பிள்ளை கிடந்தபோது அவள் அந்தோணியாரிடம் வேண்டிக்கொண்டாள். பிள்ளை பிழைத்தால் அவன் எடைக்கு எடை மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, தருவதாகச் சொன்னாள். அந்தோணியார் தன் பங்கை உடனே முடித்துவிட்டார். தாமதம் எல்லாம் அமல்ராணி பக்கம்தான். முதல் பிறந்தநாளில் பிள்ளை ஆறரை கிலோ இருந்தான். போயும் போயும் ஆறரை கிலோ மல்லாட்டையைத் தூக்கிக்கொண்டு ஒரு புனிதர் முன்னால் போய் நிற்பதா? கொஞ்சம் சதை பிடிக்கட்டும் என்று தள்ளிப்போட்டாள். ஐந்து வயதில் பதினாலு கிலோ. இருபது ஆகட்டும், பார்க்கக் கௌரவமாக இருக்கும் என்றாள். அதற்குப் பிறகு ஜெஸ்வின் யாரையும் கேட்காமல் வளர்ந்துகொண்டே போனான். மல்லாட்டை விளையாத வருடங்களில்கூட அவன் விளைந்தான். இருபத்தொன்பது வயதில் நூற்றுப் பதின்மூன்று கிலோவில் வந்து நின்றான்.

பகலில் அவன் காஸ் சிலிண்டர் போடுகிறான். காலையிலும் சாயங்காலமும் லாரியைக் கயிறு கட்டி இழுக்கிறான், கான்கிரீட் உருண்டைகளைத் தூக்கி மேடைமேல் வைக்கிறான், கைக்கு நூறு கிலோ இரும்பைப் பிடித்துக்கொண்டு நடக்கிறான். இந்தப் போட்டிக்கு ஸ்ட்ராங்மேன் என்று பெயர். தெருவில் இதற்கு 'ஜெஸ்வின் பண்றது' என்று பெயர்.

வருடாவருடம் விழுப்புரத்தில் ஒரு போட்டி நடக்கும். ஒவ்வொரு எடைப்பிரிவிலும் முதலாவது வருகிறவனுக்குச் சங்கம் தொழில்முறை அட்டை ஒன்று தரும். அட்டை இருந்தால் மலேசியாவிலிருந்தும் துபாயிலிருந்தும் போட்டிக்குக் கூப்பிடுவார்கள், டிக்கெட்டும் அவர்களே போடுவார்கள். அட்டை இல்லாவிட்டால் சிலிண்டர். ஜெஸ்வின் எடை வரம்பில்லாத பிரிவில் நான்கு வருடமாக இரண்டாவதாக வந்துகொண்டிருந்தான். நான்கு வருடமும் முதலாவது விழுப்புரம் பிரேம்குமார். ஆனால் முதல் மூன்று வருடமும் அவனுக்கும் அட்டை இல்லை, அச்சாகவில்லை என்று சொல்லிவிட்டார்கள். நான்காவது வருடம் அச்சாகி வந்தது, பெயரில் 'பிரேமகுமாரி' என்று இருந்ததால் திருப்பி அனுப்பினான். இருவரும் நல்ல சிநேகிதர்கள். நான்கு போட்டோவிலும் ஒரே இடத்தில் நிற்பார்கள், டீசர்ட் நிறம் மட்டும் மாறியிருக்கும்.

இந்த இரண்டாவது இடத்துக்கு ஜெஸ்வின் சொன்ன காரணம், வலது கைப்பிடி. அமல்ராணி சொன்ன காரணம், கொடுக்காத மல்லாட்டை.

"இந்த வருஷம் போட்டிக்கு முன்னாடி வேண்டுதல முடிச்சிடணும். செவ்வாக்கெழம கோயிலுக்கு வர" என்றாள்.

ஜெஸ்வின் ஒரு ரகசியத் திட்டத்தில் இருந்தான். பிரேம்குமாரை ஜெயிக்க முடியாது, ஆனால் பிரேம்குமார் இல்லாத பிரிவுக்குப் போக முடியும். நூற்றைந்து கிலோவுக்கு உட்பட்டோர் பிரிவு. அதற்காக மூன்று வாரமாகச் சோற்றைத் தட்டில் பரப்பிவைத்துச் சாப்பிட்ட மாதிரி காட்டிக்கொண்டிருந்தான். அம்மாவோ போன மாத எடையை வைத்து நூற்றுப் பதின்மூன்று கிலோ மல்லாட்டை வாங்கி மூட்டை கட்டி வைத்திருந்தாள். கர்ப்பிணிகளை எடை போடும் தராசில் மாதம் ஒருமுறை ஏறுகிற ஒரே ஆண் அவன்தான்.

செவ்வாய்க்கிழமை அந்தோணியார் கோயிலில் முதல் சிக்கல், தராசு. வேண்டுதல் தராசு குழந்தைகளுக்கானது. கோயிலைப் பார்த்துக்கொள்ளும் உபதேசியார் சவரிராயன் தராசையும் பார்த்தார், ஜெஸ்வினையும் பார்த்தார்.

"டீச்சர், ரோட்டு மேல லாரி எடை போடற எடமேடை ஒண்ணு கீது. அங்க ஏத்தி எறக்கி ஒரு சீட்டு வாங்கியாந்துடுங்களேன். நான் அந்தோணியார் காலடியில வச்சிடறேன்."

"சீட்டு குடுக்கறேன்னு நான் வேண்டிக்கலிங்க உபதேசியாரே. ஒரு பக்கம் புள்ள, ஒரு பக்கம் மல்லாட்டை. கால் தரையில படக்கூடாது."

கடைசியில் ஜெஸ்வின் தோளில் சுமந்து பழகுகிற இரும்புச் சட்டத்தையே கொண்டுவந்து கோயில் முன்னால் நிறுத்தினார்கள். அதன் நடுவில் ஒரு குழாயைத் தொங்கவிட்டு, இருபுறமும் பலகை கட்டினார்கள். ஒரு பலகையில் அவன் உட்கார்ந்தான். மறுபலகையில் மூட்டைகள் ஏறின. கடைசி மூட்டை ஏறியதும் மல்லாட்டை தொப்பென்று தரையில் உட்கார்ந்தது. ஜெஸ்வின் அந்தரத்தில் தொங்கினான்.

கூட்டம் சிரித்தது. அமல்ராணி சிரிக்கவில்லை. மூட்டையைப் பிரித்துப் படிப்படியாக அள்ளி வெளியே வைத்தாள். ஆறு கிலோ வெளியே வந்த பிறகு குழாய் நேராக நின்றது.

"மூணு வாரத்துல ஆறு கிலோ" என்றாள். "எங்க சென்டர்ல இருந்தா உன்ன செவப்புல எழுதி, சத்துமாவு குடுத்து, ஊட்டுக்கு ஆள் அனுப்பியிருப்பேன். இன்னாடா பண்ணிக்கினு கீற?"

தொங்கிக்கொண்டே ஜெஸ்வின் உண்மையைச் சொன்னான். தரையில் இருந்திருந்தால் இவ்வளவு முழுதாகச் சொல்லியிருக்கமாட்டான்.

அமல்ராணி யோசித்தாள். வெளியே எடுத்த ஆறு கிலோவைத் தன் பையில் கட்டினாள்.

"டீச்சர், அது அந்தோணியாருக்கு வந்தது. இருக்கட்டுமே" என்றார் உபதேசியார்.

"எடைக்கு எடைன்னுதான் சொன்னேன். அதுக்கு மேல குடுத்தா அதுக்குப் பேரு லஞ்சம்." பிறகு மகனைப் பார்த்தாள். "சனிக்கெழம எடை போடறப்ப நானும் வரேன்."

"நீ எதுக்கும்மா? அங்க எல்லாம் ஆம்பளைங்க ஜட்டியோட நிப்பாங்க."

"நான் பாக்காத ஜட்டியா? என் சென்டர்ல பாதிப் பேருக்கு அதுவும் கெடையாது."

விழுப்புரத்தில் ஒரு கல்யாண மண்டபத்தில் எடை பார்த்தார்கள். மேடையில் மணமக்கள் உட்காரும் இடத்தில் தராசு. தராசின் மேல் கால்மிதி. பக்கத்தில் நாற்காலி போட்டு, ஓய்வுபெற்ற பி.டி. வாத்தியார் சீனுவாசன் விசிலோடு உட்கார்ந்திருந்தார். எடை பார்ப்பதற்கு விசில் எதற்கு என்று யாரும் கேட்கவில்லை. பன்னிரண்டு மணிக்குக் கணக்கு முடியும்.

கடைசி கிராம்களை இறக்குவதற்காக ஆட்கள் வெயிலில் மழைக்கோட்டு போட்டுக்கொண்டு மண்டபத்தைச் சுற்றி ஓடிக்கொண்டிருந்தார்கள். ஓடி முடித்துச் சொட்டச் சொட்ட மேடையேறித் தராசில் நின்றார்கள். ஜெஸ்வினும் மூன்று சுற்று ஓடினான். நாலாவது சுற்றில் எதிரே கன்னம் ஒட்டிப்போன ஒருவன் ஓடிவந்தான்.

"டேய் மச்சான், நீ இங்க இன்னாடா பண்ற?" என்றான் ஜெஸ்வின்.

"நீ இன்னாடா பண்ற?" என்றான் பிரேம்குமார்.

நடந்தது இதுதான். எடை வரம்பில்லாத பிரிவுக்கு வானூரிலிருந்து அறிவுச்செல்வன் என்று புதிதாக ஒருவன் வந்திருக்கிறான். நூற்று ஐம்பத்திரண்டு கிலோ, கல் குவாரியில் வேலை. "அவன்கிட்ட எவன்டா மல்லுக்கு நிக்கறது? அதான் இங்க ஓடியாந்துட்டேன்" என்றான் பிரேம்குமார். தான் யாரிடமிருந்து ஓடிவந்தோம் என்பதை ஜெஸ்வின் சொல்லவில்லை. எட்டுக் கிலோ பட்டினி கிடந்து பழைய இடத்துக்கே வந்து சேர்ந்திருக்கிறான்.

ஆனால் பதினொன்றே காலுக்குப் பிரேம்குமார் தராசில் ஏறினான். நூற்றைந்து புள்ளி இரண்டு. அது அவனுடைய இரண்டாவது, கடைசி வாய்ப்பு. சீனுவாசன் விசில் ஊதினார். பிரேம்குமார் பையை எடுத்துக்கொண்டு இறங்கிப் போனான்.

ஜெஸ்வினுக்குச் சிநேகிதனுக்காக வருத்தமாக இருந்தது. கிட்டத்தட்ட நாலு நொடி இருந்தது. பிறகு அட்டை கண்ணுக்கு முன்னால் வந்தது, அதன் மூலையில் தன் போட்டோவும் வந்தது. அதே நினைப்போடு தராசில் ஏறினான்.

நூற்றைந்து புள்ளி மூன்று.

"ஒரு சான்ஸ் கீது தம்பி. பன்னண்டுக்குள்ள வா" என்றார் சீனுவாசன்.

"சார், ஒரு நிமிஷம்" என்று கீழேயிருந்து ஒரு குரல். அமல்ராணி புடவையை இடுப்பில் செருகிக்கொண்டு மேடை ஏறிக்கொண்டிருந்தாள். "அவன எறங்கச் சொல்லுங்க. இப்ப தராசு இன்னா காட்டுதுன்னு பாருங்க."

யாரும் ஏறாத தராசை யார் பார்ப்பார்கள்? சீனுவாசன் காலையிலிருந்து பார்க்கவில்லை. இப்போது பார்த்தார். புள்ளி நான்கு காட்டியது.

"காலையில ஜீரோ பண்ணித்தான் மேடம் வச்சேன். கால்மிதியோடவே பண்ணேன்."

அமல்ராணி கால்மிதியின் ஒரு மூலையைப் பிடித்துத் தூக்கி முறுக்கினாள். இருபத்தெட்டு பலசாலிகளின் வியர்வை மேடையில் ஊற்றியது.

"தராசுத் துணியில கொழந்த ஒண்ணுக்கு அடிச்சா, துணிய மாத்திட்டுத்தான் சார் அடுத்த கொழந்தைய போடணும். இல்லன்னா நோஞ்சான் கொழந்தையெல்லாம் நல்ல எடைன்னு எழுதிடுவோம். டிரெய்னிங்ல மொத நாளே சொல்லிக்குடுப்பாங்க."

சீனுவாசன் விசிலை வாயிலிருந்து எடுத்தார். கால்மிதியை எறிந்தார்கள். தராசைத் துடைத்து ஜீரோ வைத்தார்கள். ஜெஸ்வின் ஏறினான். நூற்று நான்கு புள்ளி ஒன்பது. சீனுவாசன் பெயரை எழுதினார். ஜெஸ்வினுக்கு அம்மாவைத் தூக்கித் தட்டாமாலை சுற்றலாம் போலிருந்தது.

"மின்னாடி ஒரு பையன் போனானே" என்றாள் அமல்ராணி. "அவனயும் இந்த ஈரத்துலதான போட்டீங்க?"

"ஆமாங்க மேடம். மீதிப் பேரெல்லாம் எடைக்குள்ளதான் இருந்தாங்க, அவங்களுக்குப் பிரச்சனை இல்ல. அந்த ஒருத்தர் வந்தா திரும்பப் போடலாம்."

"அவன் போயிட்டான்மா" என்றான் ஜெஸ்வின், கொஞ்சம் வேகமாகவே.

"போன் இல்லியா?"

"நம்பரு... தேடணும்."

"தேடு."

தேடினான். பிரேம்குமாரின் எண் முதல் வரியிலேயே இருந்தது. அதைத் தாண்டி வெகுதூரம் கீழே போனான், கூரியர்காரர்கள் வரைக்கும் போய்விட்டு மெதுவாக மேலே வந்தான். அமல்ராணி அவன் தோளுக்குப் பின்னால் நின்றாள். அவள் உயரத்துக்கு அவன் முதுகு மட்டும்தான் தெரியும். ஆனாலும் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"எங்கடா கீற?" என்றான் போனில்.

"ஓட்டல்ல."

ஜெஸ்வினின் நெஞ்சு துள்ளியது. "இன்னா சாப்ட?"

"பிரியாணி சொல்லிட்டு ஒக்காந்துகினு கீறேன். இன்னும் வர்ல. தண்ணிகூட குடிக்கல, வந்ததும் ஒரேயடியா அடிக்கலாம்னு. இன்னாடா?"

விழுப்புரத்தில் ஒரு பிரியாணி சீக்கிரம் வரவேண்டும் என்று, அதைச் சாப்பிடப் போகாத ஒருவன் அவ்வளவு உருகியது அன்றுதான். 'ஒண்ணுமில்ல, அப்பறம் பண்றேன்' என்று சொன்னால் போதும். பத்து நிமிடம் கழித்துக் கூப்பிட்டால் கூப்பிட்ட கணக்கும் ஆகிவிடும், பிரியாணியும் தன் வேலையை முடித்திருக்கும். போனில் தட்டு வைக்கிற சத்தம் கேட்டது. யாரோ வெங்காயப் பச்சடி வேண்டுமா என்று கேட்டார்கள்.

"அலோ? மச்சான்? வந்துடுச்சிடா, சாப்டுட்டு பேசட்டா?"

"சாப்புடாத" என்றான் ஜெஸ்வின். "கையை எடு. வா."

பதினொன்று ஐம்பத்து மூன்றுக்குப் பிரேம்குமார் தராசில் நின்றான். நூற்று நான்கு புள்ளி எட்டு. இறங்கியதும் அமல்ராணியின் காலில் விழப்போனான். "இர்றா, கீழ ஈரம்" என்றாள் அவள்.

ஞாயிற்றுக்கிழமை போட்டி. லாரியில் ஜெஸ்வின் முதல். இரும்பு சுமந்து நடப்பதில் பிரேம்குமார். இப்படியே மாறி மாறி வந்து, கடைசிச் சுற்றான கான்கிரீட் உருண்டையில் இருவரும் சரிசமமாக நின்றார்கள். ஐந்து உருண்டை. நாலை ஜெஸ்வின் வைத்துவிட்டான். ஐந்தாவது மார்பு வரைக்கும் ஏறியது. அங்கிருந்து அது வலது கைப் பக்கமாக, அவசரமே இல்லாமல் நழுவி இறங்கியது. பிரேம்குமார் ஐந்தையும் வைத்தான். போட்டோவில் இருவரும் பழைய இடத்திலேயே நின்றார்கள். இந்தமுறை அட்டையில் பெயர் சரியாக இருந்தது.

திண்டிவனம் பஸ்ஸில் ஜெஸ்வினுக்கு இரண்டு பேர் சீட்டு. மூன்றாவதில் அமல்ராணி. பஸ் விக்கிரவாண்டி தாண்டியது. பிறகு அவள் பையிலிருந்து ஒரு தூக்குச்சட்டியை எடுத்துத் திறந்தாள். கோயிலில் மீந்த ஆறு கிலோவில் கொஞ்சம், உப்புப் போட்டு வேகவைத்தது.

"சாப்புடு. செவப்புலேர்ந்து வெளிய வரணும்."

சாப்பிட்டான். மூன்று வாரத்தில் முதன்முதலாகக் கணக்குப் பார்க்காமல் சாப்பிட்டான்.

"ஏம்மா, வேண்டுதலையும் முடிச்சாச்சி. அப்பறமும் ரெண்டாவதுதான?"

"அது நீ பொழச்சதுக்குடா. பொழச்சிதான கீற? நீ ஜெயிக்கணும்னு நான் இதுவரைக்கும் வேண்டிக்கவே இல்லியே."

ஜெஸ்வின் உரித்துக்கொண்டிருந்த மல்லாட்டையை நிறுத்தினான். "இப்ப வேண்டிக்கினியா?"

"காலையில, நீ அந்த உருண்டைய கீழ போட்டப்ப வேண்டிக்கினேன்."

"எடைக்கு எடையா?"

"எடைக்கு எடதான்."

"மறுபடியும் நான் தொங்கணுமா?"

"நீ எதுக்குத் தொங்கணும்? இது அந்த பிரேம்குமாருக்கு." அமல்ராணி தோலை ஜன்னலுக்கு வெளியே போட்டாள். "அவன் மலேசியா போயி, நல்லா ஜெயிச்சி, அங்கியே ஒரு பொண்ணப் பாத்துக் கட்டிக்கினு, திரும்பி வராம இருந்துட்டான்னா அவன் எடைக்கு மல்லாட்டை தரேன்னு சொல்லிகிறேன். நூத்தி நாலு புள்ளி எட்டு. காஞ்ச தராசுல பாத்தது."

இன்னொரு மல்லாட்டையை உரித்துக்கொண்டே சொன்னாள்:

"இந்தவாட்டி தள்ளிப்போட மாட்டேன். அவனும் சதை பிடிக்கிற ஒடம்பு."