பிடிக்கக் கூடாத பந்து

மார்ச் மாதம் இரண்டாம் தேதி காலை, அட்டைப்பெட்டித் தொழிற்சாலையின் மூன்றாவது கூடத்தில், கட்டுகளை இறுக்கும் இரும்புப் பட்டை ஒன்று அறுந்து ஒரு தொழிலாளியின் இடது கண்ணில் அடித்தது. கண் போய்விட்டது.

அவன் மனைவி அதே தொழிற்சாலையில் அச்சுப் பிரிவில் இருந்தாள். மருத்துவமனையிலிருந்து அவன் வீடு திரும்பிய பிறகு அவள் முதலில் கவனித்தது, அவன் தண்ணீர் ஊற்றும் விதத்தை. தம்ளரின் விளிம்பை ஒரு விரலால் தொட்டுப் பிடித்துக்கொண்டுதான் ஊற்றினான். தொடாமல் ஊற்றினால் தண்ணீர் மேஜையில் விழுந்தது. கதவின் தாழ்ப்பாளைப் பிடிக்கப் போன கை ஒரு சாண் முன்னாலேயே மூடிக்கொண்டது. ஒற்றைக் கண்ணுக்கு உருவம் தெரியும், தூரம் பிடிபடாது, சில மாதங்களில் மூளை அதையும் கற்றுக்கொள்ளும், ஆனால் நீங்கள் அதற்கு இடம் கொடுக்க வேண்டும் என்று டாக்டர் சொல்லியிருந்தார். அவன் இடம் கொடுக்கவில்லை. எல்லாவற்றையும் தொட்டான். படி இறங்கும்போது கால் நுனியால் தடவினான். அவளோ, உதவத் துடித்த கையைக் கட்டிக்கொண்டு, எதையும் பார்க்காதவள் போல நடமாடினாள்.

தொழிற்சாலையில் கேட்டில் உட்கார்ந்து வண்டிகளைப் பார்த்து அனுப்பும் வேலையைத் தருவதாகச் சொன்னார்கள். பழைய வேலைதான் வேண்டுமென்றால், முடியுமா என்று அவனே யோசித்துச் சொல்ல வேண்டும். திங்கட்கிழமை பதில் கேட்டிருந்தார்கள்.

அதற்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை தொழிற்சாலை அணிக்குப் பேஸ்பால் ஆட்டம். ஓர் ஆள் குறைந்தது. அவளுடைய கொழுந்தன், லாரி ஓட்டுகிறவன், அணியில் பந்து வீசும் பிட்சர், காலையிலேயே வந்து வாசலில் நின்றான்.

"அண்ணா, ஒன்பது பேர் இல்லேன்னா ஆடாமலே தோத்த கணக்கு. வலது ஓரத்துல சும்மா நில்லு, போதும். அங்க பந்து வராது. காக்காதான் வரும்."

"காக்கா எவ்வளவு தூரத்துல வருதுன்னுகூட எனக்குத் தெரியாதுடா."

"அது கிட்ட வந்தா அதுவே கத்தும். கிளம்பு."

அவன் மனைவி பக்கம் திரும்பினான். "இதான் கடைசி ஆட்டம். நாளைக்கு கேட் வேலைக்குச் சரின்னு சொல்லிடப் போறேன்."

அவள் அணியின் கேட்சர், அடிப்பவருக்குப் பின்னால் உட்கார்ந்து பந்தை வாங்குகிறவள். முழங்கால் காப்பின் வாரை இழுத்துக் கட்டிக்கொண்டே, "முதல்ல ஷூவைப் போடுங்க," என்றாள்.

எதிரணி ரொட்டித் தொழிற்சாலை. ஜெயித்தவர்களுக்கு இறுதிப் போட்டி. நடுவர் ஒரு பல் டாக்டர். அவரிடம் வாயைத் திறந்து வாதாடப் பலருக்கும் பயம்.

மூன்றாம் சுற்றில், வராது என்ற இடத்துக்குப் பந்து வந்தது. அவன் ஓடினான், நின்றான், கையுறையை நீட்டினான். பந்து அவனுக்குப் பின்னால் ஓர் ஆள் தள்ளி விழுந்தது.

"அண்ணே, பந்துக்கு விலாசம் தப்பாக் குடுத்துட்டீங்களா?" என்று ரொட்டிக்காரர்கள் கத்தினார்கள். எல்லோரும் சிரித்தார்கள். அவனும் சேர்ந்து சிரித்தான். அந்தச் சிரிப்புதான் அவளுக்குச் சுருக்கென்றது.

இந்த ஆட்டத்தில் அடிப்பவர் நிற்கும் இடத்திலிருந்து இரண்டு வெள்ளைக் கோடுகள் இரு பக்கமும் விரிந்து போகும். கோடுகளுக்கு வெளியே போகும் பந்து ஃபவுல். அது தரையில் விழுந்தால் பெரிய நஷ்டம் யாருக்கும் இல்லை, மறுபடி வீசுவார்கள், ஓடத் தொடங்கியவர்கள் தாங்கள் கால் வைத்து நின்ற திண்டுக்கு, அதாவது பேஸுக்கு, திரும்ப வேண்டும். விழுவதற்கு முன் யாராவது பிடித்துவிட்டால் அடித்தவர் அவுட். இதுவரை பிடிப்பவருக்கு லாபம்தான். ஆனால் விதிக்கு ஒரு வால் உண்டு. பந்து பிடிபட்ட அந்தக் கணத்திலிருந்து, பேஸைத் தொட்டுக்கொண்டு நிற்பவர் அடுத்த பேஸுக்கு ஓடலாம். மூன்றாம் பேஸுக்கு அடுத்தது அடிப்பவர் நிற்கும் இடத்தில் பதித்த தட்டு, அதைத் தொட்டால் ஓர் ஓட்டம். ஆகவே ஆட்டம் சமநிலையில் இருந்து, கடைசி சுற்றில் மூன்றாம் பேஸில் ஆள் காத்திருக்கும்போது, தூரத்து ஃபவுல் பந்தைப் பிடிப்பது வெற்றியைத் தட்டில் வைத்துக் கொடுப்பதற்குச் சமம். தரையில் விழ விட்டுவிட வேண்டும். அண்ணாந்து ஓடுகிறவனுக்கு இதெல்லாம் கண்ணில் படாது. மைதானம் முழுவதையும் பார்த்தபடி உட்கார்ந்திருப்பது கேட்சர் ஒருவர்தான். அவர்தான் "விடு" என்று கத்த வேண்டும். இவர்கள் அணியில் வேறு யாரும் குரல் கொடுக்கக் கூடாது என்று பேச்சு. ஆளுக்கொன்று கத்தினால் குழப்பம்.

கடைசி சுற்று. மூன்றுக்கு மூன்று. ரொட்டிக்காரர்கள் அடிக்கும் முறை. ஒருவர் அவுட். மூன்றாம் பேஸில் சைக்கிளில் ரொட்டி விநியோகிக்கும் பெண் நின்றாள், காற்று மாதிரி ஓடுபவள். அடிக்க வந்தவர் அடுப்படி ஆள், கதவை அடைத்துக்கொண்டு நிற்கும் உடம்பு.

"மாஸ்டர், மெதுவா. பந்து பாவம்," என்றான் கொழுந்தன்.

"நீ வீசுடா தம்பி. வெந்துச்சா வேகலையான்னு நான் பாத்துக்கறேன்."

வீசினான். மட்டையின் ஓரத்தில் பட்டுப் பந்து செங்குத்தாக ஏறி வலது பக்கம் சாய்ந்தது. கோட்டுக்கு வெளியே, கம்பி வேலியை நோக்கிப் போயிற்று. ஃபவுல்.

அவள் முகமூடியைக் கழற்றி எறிந்துவிட்டு எழுந்தாள். "விடு" என்ற சொல் நாக்கு நுனிக்கு வந்துவிட்டது.

வலது ஓரத்தில் நிற்பவனுக்கு அந்தக் கோடு இடது கைப்பக்கம். அவனுக்குக் கண் இல்லாத பக்கம். அவன் கழுத்தை முழுக்கத் திருப்பிப் பந்தைப் பார்த்துவிட்டு ஓடத் தொடங்கியிருந்தான். வேலி எங்கே இருக்கிறது என்று கை நீட்டித் தடவவில்லை. கால் நுனியால் தரையைத் தேடவில்லை. மூன்று மாதமாக வீட்டுக்குள் சுவரைத் தொட்டுத் தொட்டு நடந்த ஆள், எதையும் தொடாமல் ஓடிக்கொண்டிருந்தான்.

கொழுந்தன் அவளைத் திரும்பிப் பார்த்தான். அடிப்பவர்கள் வரிசையில் ரொட்டிக்காரர்கள் எழுந்து நின்று, "பிடிங்கண்ணே! விட்டுடாதீங்க!" என்று உற்சாகமாகக் கத்தினார்கள். சைக்கிள்காரி ஒரு காலைப் பேஸில் ஊன்றிக் குனிந்தாள்.

கத்த நேரம் இருந்தது. அவள் வாயை மூடிக்கொண்டாள்.

அவன் வேலிக்கு இரண்டு எட்டு முன்னால் நின்றான். கையுறையை உயர்த்தினான். பந்து அதற்குள் விழுந்த சத்தம் அவள் வரை கேட்டது.

"அவுட்!" என்றார் பல் டாக்டர். சைக்கிள்காரி பாய்ந்தாள்.

அவன் கையுறைக்குள் இருந்ததையே பார்த்துக்கொண்டு நின்றான்.

"அண்ணா! எறி! எறிண்ணா!"

எறிந்தான். பந்து ஒருமுறை தரையில் எகிறி நேராக அவள் கைக்கு வந்தது. வாங்கித் திரும்பிப் பந்தோடு சைக்கிள்காரியின் தோளைத் தொட்டாள். அதற்குள் அந்தப் பெண்ணின் கால் தட்டில் இருந்தது. அவுட் இல்லை என்று பல் டாக்டர் இரு கைகளையும் அகல விரித்தார்.

கொழுந்தன் தொப்பியைத் தரையில் அடித்தான். "அண்ணி, வீட்டுல ஒரு நிமிஷம் மூடாத வாய்! இன்னைக்கு எங்க போச்சு அது?"

"தப்பு என்னோடதுதான்."

"அது தெரியுது. ஏன்னுதான் கேக்குறேன்."

அவள் குனிந்து, கழற்றி எறிந்த முகமூடியை எடுத்தாள். கேப்டன், கிடங்குப் பொறுப்பாளர், அவளைப் பார்க்காமலே மட்டைகளைப் பையில் திணித்தார். கணவன் பந்தைப் பிடித்த கையைத் தேய்த்துக்கொண்டே மைதானத்தைக் கடந்து வந்தான். அடுப்படி ஆள் எதிரே போய் அவன் முதுகில் ஒரு தட்டு தட்டினார்.

"ஏன் விடுன்னு சொல்லலை?" என்றான் வந்ததும்.

"மூணாவதுல ஆள் நிக்கிறது உங்களுக்குத் தெரியுமா தெரியாதா?"

"தெரியும். நீ கத்துவேன்னு காதைத் தீட்டிக்கிட்டே ஓடினேன். கத்தலை. சரி, இவளே விடச் சொல்லலை, நாம எதுக்கு விடணும்னு பிடிச்சுட்டேன்."

அவளுக்குச் சிரிப்பும் வந்தது, கண்ணும் கலங்கியது. "நல்லாப் பிடிச்சீங்க," என்றாள்.

"தோத்துட்டோமேடி."

"ஆமா. தோத்துட்டோம்."

ஆட்டம் நான்குக்கு மூன்று என்று முடிந்தது. ரொட்டித் தொழிற்சாலை இறுதிப் போட்டிக்குப் போயிற்று. அடுத்த பருவத்துக்குத் தொழிற்சாலை அணியில் வேறொருவரைக் கேட்சராகப் போட்டார்கள். திங்கட்கிழமை காலை அவன் மேலாளரிடம் கேட் வேலை வேண்டாம் என்று சொன்னான். ஒரு வாரம் பழைய வேலையில் வைத்துப் பார்க்கிறோம் என்று மேலாளர் சொன்னார்.