சந்தேகத்துக்கு எண் இல்லை

தொழிற்பேட்டையில் இரண்டு மணிச் சங்கு ஊதியபோது வளர்மதி இன்னும் படுத்திருந்தாள். சாப்பாட்டு நேரம் முடிந்து மற்றவர்கள் அச்சு மேசைக்குத் திரும்பியிருப்பார்கள். அந்த வாரம் முழுக்க அவள் வேலைக்குப் போகவில்லை.

பீங்கான் பட்டறையில் அவளுக்கு அச்சு ஊற்றும் வேலை. களிமண் கூழை பிளாஸ்டர் அச்சில் ஊற்றி, இறுகியதும் பிரித்து, இன்னும் சுடாத பச்சைப் பொம்மைகளைப் பலகையில் அடுக்கித் தோளில் தூக்கிக்கொண்டு போய்க் காயவைக்க வேண்டும். அங்கே இடுப்பு வலி இல்லாத பெண் கிடையாது. மத்தியானம் சாப்பிட்டதும் எல்லாரும் சூளையின் வெளிச்சுவரில் முதுகை ஒட்டி வரிசையாக உட்காருவார்கள். முந்தின நாள் எரித்த சூடு சுவரில் மிச்சமிருக்கும். கொஞ்ச நேரத்தில் வலி இறங்கிவிடும். வளர்மதிக்கு மட்டும் தை மாதத்திலிருந்து இறங்கவில்லை. சாயங்காலமானால் உடம்பு காய்ந்தது. ரவிக்கைகள் தொளதொளத்தன.

அரசு மருத்துவமனையில் டாக்டர் முதுகெலும்பைக் கணுக் கணுவாக அழுத்திப் பார்த்தார். ஓரிடத்தில் அவள் கத்திவிட்டாள். சீட்டில் எழுதி, கடலூருக்குப் போய் ஸ்கேன் எடுத்து வரச் சொன்னார். என்ன நோய் என்று கேட்டதற்கு, எடுத்துக்கொண்டு வந்தால்தான் சொல்ல முடியும் என்றார்.

அவள் கணவன் விருத்தகிரி லோடு ஆட்டோ ஓட்டுகிறவன். திங்கட்கிழமைக்கு வந்த வாடகைச் சவாரியை வேண்டாம் என்று சொல்லிவிட்டுக் கடலூருக்குத் தயாராக இருந்தான். வளர்மதிதான் நிறுத்தினாள். மாசி மகத்துக்குத் தங்கை வருகிறாள், சீட்டை அவள் ஒருமுறை பார்க்கட்டும் என்றாள்.

தங்கை சண்முகப்ரியாவுக்குச் சென்னையில் மெடிக்கல் கோடிங் வேலை. அமெரிக்காவில் டாக்டர்கள் எழுதும் குறிப்புகளைப் படித்து, ஒவ்வொரு நோய்க்கும் உரிய எண்ணைப் போட வேண்டும். அந்த எண்ணைப் பார்த்துத்தான் அங்கே இன்சூரன்ஸ் பணம் கொடுக்கும். வளர்மதிக்கு இது பாதிதான் விளங்கியிருந்தது. பட்டறையில் அவள் சொல்லிவைத்திருந்தது வேறு. அமெரிக்காக்காரனுக்கு என்ன சீக்கு என்று தன் தங்கை சொன்ன பிறகுதான் அவனுக்கே தெரியும்.

மகத்துக்கு முதல் நாள் சண்முகப்ரியா வந்தாள். பையை இறக்கி வைப்பதற்குள் சீட்டு அவள் கைக்கு வந்தது.

ஆங்கிலத்தில் இரண்டு வரிகள். முதல் வரி, இடுப்பு வலி. இரண்டாவது, முதுகெலும்பில் காசநோய் இல்லை என்று உறுதிசெய்ய வேண்டும்.

இரண்டாவதைப் போன்ற வரிகளைக் கடந்துபோக அவளுக்குப் பயிற்சி கொடுத்திருந்தார்கள். வெளிநோயாளியின் குறிப்பில் இருக்கலாம், சந்தேகம், உறுதிசெய்ய வேண்டும் என்று எது வந்தாலும் அதற்கு எண் கிடையாது. நிச்சயமாகத் தெரிந்ததற்கு மட்டுமே எண். நிச்சயமாக எதுவும் தெரியாதபோது வலிக்கு எண். சந்தேகத்துக்கு எண் போட்டால் இல்லாத நோயை ஒருவர் தலையில் கட்டியதாகிவிடும். வேலைக்குச் சேர்ந்த புதிதில் எல்லாரும் தப்பு செய்கிற இடம் அது. அவள் அங்கே தப்பு செய்ததே இல்லை. சீட்டைப் பார்த்ததும் எழுநூற்று இருபத்து நான்கு புள்ளி இரண்டு என்று மனம் போட்டுக்கொண்டது. இடுப்பு வலியின் எண்.

"இடுப்பு வலிதான்க்கா."

"கீழ என்னமோ எழுதியிருக்குதே?"

"அது எல்லாச் சீட்டுலயும் எழுதுவாங்க. அதக் கணக்குல எடுக்கக் கூடாது."

விருத்தகிரி ஸ்கேன் எடுக்கச் சொன்னதைப் பற்றிக் கேட்டான். அமெரிக்காவிலும் இப்படித்தான் மாமா, தொட்டதுக்கெல்லாம் ஸ்கேன் எழுதுவார்கள் என்றாள். அக்காவின் முகம் தெளிந்ததைப் பார்த்தபோது, படித்ததற்கு ஒரு பலன் கிடைத்ததுபோல் இருந்தது அவளுக்கு.

"அப்புறம் கடலூர் எதுக்கு?" என்றான் விருத்தகிரி. "நம்ம வூட்லயே ஆஸ்பத்திரி இருக்குது. டாக்டரம்மாவுக்கு டீ போடு."

வளர்மதி சிரித்தாள். சிரித்தது வலித்ததால் சுவரைப் பிடித்துக்கொண்டாள். திங்கட்கிழமை கடலூர் போகவில்லை. வேலைக்குப் போனாள்.

பங்குனிக் கடைசியில் ஒரு நாள் சண்முகப்ரியாவின் திரையில் வந்த குறிப்பு, பள்ளிப் பேருந்து ஓட்டும் ஒரு பெண்ணைப் பற்றியது. முதுகெலும்பில் புற்று. பரிசோதனையில் உறுதியாகியிருந்தது. எண் போடுவதில் சிரமம் இல்லை. ஆனால் டாக்டர் முன்கதையையும் எழுதியிருந்தார். டிசம்பரில் இடுப்பு வலி என்று வந்தவர். புற்றாக இருக்குமோ என்ற சந்தேகத்தில் ஸ்கேனுக்கு அனுப்பப்பட்டார். எடுக்கவில்லை. மறுபடி வரவுமில்லை. இப்போது இரண்டு கால்களும் அசையவில்லை.

டிசம்பர் குறிப்பையும் திறந்து பார்த்தாள். இடுப்பு வலி, எழுநூற்று இருபத்து நான்கு புள்ளி இரண்டு. போட்டது அவள்தான். விதிப்படி சரி. இன்று போட்ட எண்ணும் சரி. அவள் பார்த்த நோயாளிகள் எல்லாரும் ஒருமுறை வந்து போகிறவர்கள். ஒருவரின் அடுத்த வருகையை அவள் படித்தது அதுவே முதல் தடவை.

அடுத்த குறிப்பைத் திறக்காமல் எழுந்து போய், மாடிப்படியில் நின்று விருத்தகிரியின் செல்போனுக்குக் கூப்பிட்டாள். அவன் அப்போதுதான் வளர்மதியைப் பட்டறையிலிருந்து ஏற்றிக்கொண்டு கிளம்பியிருந்தான். போனை அவளிடம் கொடுத்தான்.

வளர்மதி உற்சாகமாகவே பேசினாள். போன வாரம் பலகையோடு விழுந்துவிட்டாள். அதனால் பொம்மைக்குக் கண் எழுதும் வேலைக்கு மாற்றியிருந்தார்கள். உட்கார்ந்து செய்கிற வேலை.

"வலி எப்படிக்கா இருக்குது?"

"வலி பரவால்ல. காலுதான் மரத்துப் போவுது. செருப்பு கழண்டா கூடத் தெரியல. ஒத்தச் செருப்போட வந்து நிக்கிறன்னு உங்க மாமா சிரிக்கிறாரு."

சண்முகப்ரியா பையை எடுக்கத் திரும்பிப் படியேறினாள். வண்டியைத் திருப்பி இப்போதே கடலூருக்குப் போகச் சொன்னாள். தானும் பஸ் ஏறி நேரே ஆஸ்பத்திரிக்கு வந்துவிடுவதாகச் சொன்னாள். எதற்கு இந்த அவசரம் என்று வளர்மதி கேட்டாள். சொல்லாமல் இருக்க முடியவில்லை. இரண்டாம் வரியில் என்ன எழுதியிருந்தது என்பதைச் சொன்னாள். மாத்திரை இருக்கிறது, குணமாகிவிடும், நாளைக் கடத்தத்தான் கூடாது என்றாள்.

அந்தப் பக்கம் ஆட்டோவின் சத்தம் நின்றது. விருத்தகிரி என்ன என்ன என்று கேட்பது தூரத்தில் கேட்டது. வளர்மதி போனை மறு காதுக்கு மாற்றிக்கொண்டாள்.

"அன்னிக்கே அத நீ படிச்சல்ல, பிரியா?"